பின்னால் வந்த ஜீப்

மயிலாடும்பாறை
12.2.2024

மாமாவுக்கு,

கயல் எழுதுகிறேன். உங்கள் வீட்டுக்கு வாழ வந்து ஐந்து வருஷம் ஆகப்போகிறது. உங்களிடம் நான் நேராகப் பேசுவது இதுதான் முதல் தடவை. மாமனார் முன்னால் நின்று மருமகள் பேசுகிற வழக்கம் நம் வீட்டில் கிடையாது. சோறு ஆகிவிட்டது என்பதைக்கூட, நீங்கள் எதிரிலேயே உட்கார்ந்திருக்க, "சாப்பிட வரச் சொல்லுங்க அத்தை" என்று அத்தையிடம்தான் சொல்லியிருக்கிறேன். அத்தையும் உங்களுக்குக் காது கேட்காத மாதிரி அதைத் திருப்பிச் சொல்வார்கள். இந்த விஷயத்தை அப்படிச் சொல்லி அனுப்ப முடியாது. போன் செய்யலாம் என்றால் உங்கள் குரலைக் கேட்டதும் எனக்கு வாய் அடைத்துப்போகும். அதனால்தான் கடிதம்.

வெள்ளிக்கிழமை உத்தமபாளையம் கோர்ட்டில் நடந்ததைக் கேளுங்கள். இன்ஷூரன்ஸ் வக்கீல் என்னைக் கூண்டில் நிற்க வைத்து ஒரு தாளைக் காட்டினார். "இது உங்க மாமனார் கையெழுத்துதானம்மா?" என்றார். உங்கள் கையெழுத்துதான். மேலே எழுதியிருந்ததைச் சத்தமாகப் படித்தார். 'வேகமாகப் போகாதே என்று என் மகனிடம் ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறேன். அவன் கேட்கவில்லை. அவனே தேடிக்கொண்டான்.'

அந்தத் தாள் எங்கிருந்து வந்தது தெரியுமா மாமா? காரியம் முடிந்த வாரம் ஒருவர் வந்தாரே, நீலச் சட்டை போட்டுக்கொண்டு, நீங்கள்கூட ஒரு பை நிறையப் பன்னீர் திராட்சை கொடுத்து அனுப்பினீர்களே, அவர் லாரியின் இன்ஷூரன்ஸ் கம்பெனி அனுப்பிய ஆளாம். விசாரிக்க வந்தவரிடம் இதைச் சொல்லிக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்திருக்கிறீர்கள்.

இரண்டு வருஷத்துக்கு முன் அன்றைக்குக் கம்பம்மெட்டு மலைப்பாதையில் உங்கள் மகன் பைக்கில் ஏறிக்கொண்டிருந்தார். மேலிருந்து வந்த லாரி வளைவில் அடித்துவிட்டது. "பைக்குக்காரன்தான் வேகமா வந்து விழுந்தான்" என்கிறான் லாரிக்காரன். பார்த்ததாகச் சொல்ல வேறு ஒருவரும் இல்லாததால் அவன் சொன்னதே பதிவாகிவிட்டது. அது பொய் என்றுதானே நாம் வழக்குப் போட்டோம்? அதே பொய்க்கு நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள்.

தப்பு அவர் மேல் என்று தீர்ப்பானால் நஷ்ட ஈடு கிடையாது. அதைக்கூட விடுங்கள். தன் சாவைத் தானே தேடிக்கொண்டவர் என்று அவர் பெயருக்குப் பக்கத்தில் எழுதி முத்திரை குத்திவிடுவார்கள். நீங்கள் கோர்ட்டுக்கு வந்து அதை மறுத்துச் சொன்னால்தான் வழி உண்டு என்கிறார் நம் வக்கீல் பொன்னுராஜ் சார். வருகிறீர்களா, இல்லையா? அது தெரியும்வரை நான் என் அண்ணன் வீட்டில்தான் இருப்பேன்.

கயல்

&nbsp;

ராயப்பன்பட்டி
19.2.2024

மருமகள் கயலுக்கு மாமனார் சுருளி எழுதுவது. இங்கே திராட்சைப் பந்தலும் பசுமாடும் சுகம். மனுஷர்களைப் பற்றி விசாரிக்காதே.

உன் கடிதம் வந்தது. ஐந்து வருஷம் பேசாமல் இருந்ததற்கும் சேர்த்துப் பேசிவிட்டாய்.

அந்த ஆளைத் துக்கம் கேட்க வந்தவன் என்றுதான் நினைத்தேன். பாயில் உட்கார்ந்தான். உச்சுக்கொட்டினான். கண்ணைக்கூடத் துடைத்தான். கம்பெனிக்காரன் வந்து கண்ணைத் துடைப்பான் என்று எவன் கண்டான்? கிளம்பும்போது, "வந்து பாத்தேன்னு ஆபீஸ்ல காட்டணும்யா, ஒரு கையெழுத்துப் போடுங்க" என்றான். நம் பையன் முத்து வேலை பார்த்துக் கொடுத்த ஏதோ ஒரு ஆபீஸ் என்று நினைத்துப் போட்டேன். படித்துப் பார்க்காமல் போட்டது தப்புதான். ஆனால் அதில் இருப்பது நான் சொன்னதுதான். சொன்னது தப்பில்லை.

முத்துராஜா எப்படி வண்டி ஓட்டுவான் என்று நீ எனக்குச் சொல்லாதே. நீ பார்த்தது மூன்று வருஷம். பதினேழு வயதில் என் டி.வி.எஸ்ஸைக் கேட்காமல் எடுத்துக்கொண்டு சுருளி அருவி ரோட்டில் பறந்தான். வாய்க்காலில் விழுந்து கையை ஒடித்துக்கொண்டு வந்து நின்றான். அன்றையிலிருந்து அவன் வண்டி எடுக்கும்போதெல்லாம் சொன்னேன். லாரிக்காரன் சொன்னதாகச் சேதி வந்ததும் எனக்கு அந்த வாய்க்கால்தான் கண்ணுக்கு முன்னால் நின்றது. போயும் போயும் அதே வேலையைப் பார்த்துவிட்டானே என்று தோன்றியது. அவன் மேல் எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை. தீராது.

நான் கோர்ட்டில் ஏறி, என் மகன் மெதுவாகப் போனான் என்று எப்படிச் சொல்வேன்? எனக்கே நம்பிக்கை இல்லாததைச் சத்தியம் பண்ணிச் சொல்ல வராது. நீ கேட்டதற்குப் பதில் இதுதான். வரமாட்டேன்.

உன் அத்தை என்னோடு பேச்சை நிறுத்திவிட்டாள். சோறு ஆகிவிட்டது என்று பசுமாட்டிடம் சொல்கிறாள்.

சுருளி

&nbsp;

மயிலாடும்பாறை
27.2.2024

மாமாவுக்கு,

நான் மூன்று வருஷம்தான் பார்த்தேன். ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அந்த மூன்று வருஷமும் அவர் வண்டிக்குப் பின்னால் உட்கார்ந்து பார்த்தேன். நீங்கள் மகன் வண்டியில் ஏறி எத்தனை காலம் ஆகிறது? பின்னால் உட்காருவது கௌரவக் குறைச்சல் என்று உத்தமபாளையத்துக்கே பஸ்ஸில் போகிறவர் நீங்கள்.

கல்யாணமான முதல் வருஷம் வீரபாண்டித் திருவிழாவுக்குப் போனோம். வழியில் ஒரு சைக்கிள்காரர் எங்களைத் தாண்டிப் போனார். அவர் கேரியரில் ஒரு மூட்டை வேறு. போகும்போது எங்களைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். "வண்டியில ஏதும் கோளாறா? நீங்க ஓட்டுறீகளா, தள்ளுறீகளா?" என்று கேட்டேன். "முப்பதைத் தாண்டினா இதுக்குத் தும்மல் வரும்" என்றார். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது பொங்கல் வைத்தவர்கள் பானையைக் கழுவிக்கொண்டிருந்தார்கள்.

மோட்டார் ரீவைண்டிங் கடை வைத்த பிறகு அவர் அப்படி ஆகிவிட்டார் மாமா. பின்னால் பச்சைப் பெட்டியில் யாருடைய பம்ப்செட் மோட்டாரின் செம்புக்கம்பிக் காயிலாவது இருக்கும். "எலும்பு ஒடிஞ்சா கூடிரும் கயலு, காயில் அத்துப்போனா நான் மறுபடியும் உக்காந்து சுத்தணும்" என்பார். அப்படிப் பழகியவர், பெட்டி இல்லாத நாளிலும் அதே உருட்டல்தான். அவர் பின்னால் உட்கார்ந்து நான் தூங்கியிருக்கிறேன்.

உங்கள் மகன் பதினேழு வயதிலேயே நின்றுவிட்டாரா? அதற்குப் பிறகு அவர் வளரவே இல்லையா? இதைக் கேட்கக் கூடாதுதான், கேட்டுவிட்டேன்.

நான் சொன்னால் நம்பமாட்டீர்கள். அந்த மலை ரோட்டில் அவர் பின்னால் மாட்டிக்கொண்டு போனவர்கள் யாரையாவது கேட்டுப் பாருங்கள். எல்லோரும் வாய் வலிக்கத் திட்டியிருப்பார்கள்.

கயல்

&nbsp;

ராயப்பன்பட்டி
24.3.2024

கயலுக்கு,

நீ கோபத்தில் எழுதினாய். எனக்கு அது ஒரு வழியாகப் பட்டது. கேட்டுப் பார்த்தேன்.

அவன் அன்றைக்குப் போனது கேரளத்துப் பக்கம் ஒரு ஏலத்தோட்டத்துக்கு, பம்ப்செட் வேலைக்கு. விடியும் முன்னே கிளம்பினான். அந்த நேரத்தில் அந்த ரோட்டில் வேறு யார் போவார்கள்? ஏலக்காய் எடுக்கப் பெண்டுகளை ஏற்றிக்கொண்டு போகிற ஜீப்புகள்தான். எனவே கம்பத்தில் அந்த ஜீப்புகள் நிற்கிற இடத்துக்குப் போனேன். முதல் பஸ் பிடித்து மறுநாளும் போனேன், அதற்கு மறுநாளும் போனேன். உன் அத்தை நான் எங்கே போகிறேன் என்று மாட்டிடம்கூடக் கேட்கவில்லை.

டிரைவர்களைக் கேட்டேன். "அப்படி ஒன்னும் பாக்கலண்ணே" என்று சொல்லி வைத்தாற்போல ஒரே பதில். ஆனால் நான் பேச்சை எடுத்ததும் ஒரு ஜீப்பில் இருந்த பெண்டுகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். நான் அந்த ஜீப்புக்கு மட்டும் தினமும் வணக்கம் வைக்க ஆரம்பித்தேன்.

போன ஞாயிற்றுக்கிழமை ஜீப் ஓடாத நாள். டீக்கடையில் உட்கார்ந்திருந்தேன். அந்த ஜீப்பில் போகிற ஒரு பெண் வந்து பக்கத்தில் நின்றாள். ஜக்கம்மா என்று பேர். உன் அத்தை வயதிருக்கும்.

"அண்ணே, பின்னால பச்சைப் பெட்டி கட்டிக்கிட்டு உருட்டிக்கிட்டே போவாரே, அவுக அப்பாவா நீங்க?" என்றாள்.

உருட்டிக்கொண்டு என்றதும் எனக்கு என்னவோ செய்தது. ஆமாம் என்றேன்.

"தப்பா நினைக்காதீக. நாங்க அவருக்கு மாப்பிள்ளை ஊர்வலம்னு பேரு வச்சிருந்தம். மலை ஏறையில அவரு முன்னாடி மாட்டிட்டாருன்னா எங்க பாடு அவ்வளவுதான். ஜீப்பு தாண்டவும் தோது இருக்காது. லேட்டாப் போனா தோட்டத்துல பேரு எழுத மாட்டாக. 'இன்னைக்கும் ஊர்வலம்டி'ன்னு வஞ்சுக்கிட்டே போவம்."

அன்றைக்கும் அவன் முன்னால், இவர்கள் ஜீப் பின்னால். வளைவில் ஆரன் அடித்து, ஓரத்துக் கல்லுக்கட்டை ஒட்டித்தான் ஏறினானாம். மேலிருந்து வந்த லாரி வளைவை வெட்டிக்கொண்டு இவன் பக்கமே வந்து ஏறிவிட்டதாம். அவள் டிரைவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்ததால் கண்ணால் பார்த்திருக்கிறாள். இறங்கி ஓடிப்போய்த் தண்ணீர் கொடுத்ததும் அவள்தான். பிறகு ஏன் நிற்கவில்லை என்று கேட்டேன். "ஏத்த வேண்டியதைப்போல ரெண்டு பங்கு ஆள ஏத்தியிருந்தாகண்ணே. போலீசு வந்தா ஜீப்பைப் பிடிச்சுருவாக. ஆம்புலன்சுக்குச் சொல்லிட்டு எங்கள ஏறச் சொல்லிட்டாக. நான் சாட்சிக்கு வந்தேன்னா நாளைக்கு என்னை எந்த ஜீப்புலயும் ஏத்த மாட்டாக. கோர்ட்டுக்கு இழுக்க மாட்டேன்னு சொல்லுங்க" என்றாள்.

இழுக்கமாட்டேன் என்று சொல்லிவிட்டேன்.

அவள் போன பிறகு அந்த பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தேன். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது ஆத்தா. மாப்பிள்ளை ஊர்வலம்! என் மகனை ஒரு ஜீப் நிறையப் பெண்டுகள் மெதுவாகப் போகிறான் என்று திட்டியிருக்கிறார்கள். நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்தது எழுந்து போன மாதிரி இருந்தது. டீக்கடைக்காரன் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தான்.

நீ சொன்னதுதான் சரி. அவன் வேகமாகப் போகவில்லை. எனக்கு இது போதும். கேஸ் இனி எப்படி ஆனாலும் கவலை இல்லை.

சுருளி

&nbsp;

மயிலாடும்பாறை
30.3.2024

மாமாவுக்கு,

படித்துவிட்டுச் சிரித்தேன். பிறகு அழுதேன். பிறகு கடைசி வரியைப் படித்ததும் கடிதத்தைக் கிழித்துப் போடலாமா என்றிருந்தது.

உங்களுக்குப் போதும். எனக்கு?

உங்களுக்கு உங்கள் மகன் திரும்பக் கிடைத்துவிட்டார். கோர்ட்டில் அவர் இன்னும் வேகமாகத்தான் போய்க்கொண்டிருக்கிறார். இந்த ஊரிலும் அப்படித்தான். தெருக் குழாயடியில் என்னைப் பார்த்தால், "என்ன அவசரமோ, புள்ளைய இப்படி நிறுத்திட்டுப் போயிட்டான்" என்று உச்சுக்கொட்டுகிறார்கள். ஒவ்வொருத்தரிடமும் போய், அவருக்கு மாப்பிள்ளை ஊர்வலம் என்று பேர் தெரியுமா என்றா சொல்லிக்கொண்டிருப்பேன்? கோர்ட் சொல்ல வேண்டும். எழுதிக் கொடுக்க வேண்டும்.

இன்னொன்றையும் வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். மதினி நல்லவள்தான். ஆனாலும் நான் குளியலறைக்குள் இருக்கும்போது வாளியை வெளியே கொஞ்சம் சத்தமாக வைக்கிறாள். அல்லிநகரத்தில் ஒரு லேபில் வேலை இருக்கிறது. பாதியில் விட்ட லேப் டெக்னீசியன் படிப்பை முடித்தால் நான் யார் வீட்டு வாளிச் சத்தமும் கேட்க வேண்டியதில்லை. அதற்கு அந்தப் பணம் வேண்டும் மாமா. அவர் உயிருக்கு விலை என்று நான் நினைக்கவில்லை. அவர் இருந்திருந்தால் என்னைப் படிக்க வைத்திருப்பார். அதைத்தான் கேட்கிறேன்.

அந்த ஜக்கம்மாவைக் கூட்டி வாருங்கள்.

கயல்

&nbsp;

ராயப்பன்பட்டி
6.4.2024

கயலுக்கு,

நீ எழுதியதில் ஒரு வார்த்தைகூடத் தப்பில்லை. ஆனால் நான் வாக்குக் கொடுத்துவிட்டேன். அந்தப் பெண்ணுக்கு அந்த ஜீப்தான் சோறு. என் மகனுக்குத் தண்ணீர் கொடுத்த கை அது. அதைத் தட்டிவிட என்னால் முடியாது.

நான் கோர்ட்டுக்கு வருகிறேன். வந்து, நான் சொன்னது தப்பு என்று சொல்கிறேன். எனக்கு எப்படித் தெரியும் என்று கேட்டால் மட்டும் என்னிடம் பதில் இல்லை. அதற்குமேல் என்னைக் கேட்காதே.

சுருளி

&nbsp;

அல்லிநகரம்
17.6.2024

மாமாவுக்கு,

அல்லிநகரம் லேபில் வேலைக்குச் சேர்ந்துவிட்டேன். பக்கத்திலேயே பெண்கள் விடுதி. மதினி பேருந்து நிறுத்தம்வரை வந்து அழுதாள். விட்டு வந்த பிறகு எங்களுக்குள் பிரியம் கூடிவிட்டது.

இப்போது சொல்லப்போவதற்கு நீங்கள் கோபப்படுவீர்கள். பரவாயில்லை. உங்களுக்குத் தெரியாமல் நானும் அத்தையும் கம்பத்துக்குப் போய் ஜக்கம்மாவைப் பார்த்தோம். போன வாரம் அத்தை கண் டாக்டரைப் பார்க்கப் போவதாகச் சொன்னார்களே, அது இதுதான். அத்தையின் கண்ணுக்கு ஒன்றுமில்லை. உங்கள் வாக்கை மீறுகிறோமே என்று எனக்குப் பயமாக இருந்தது. அத்தை பஸ்ஸிலேயே தீர்த்து வைத்துவிட்டார்கள். "வாக்குக் கொடுத்தது அவரு. நான் ஒன்னும் கொடுக்கலயே. அவரு அங்கன உக்காந்து டீக் குடிச்சப்ப என்னைக் கேட்டாரா?" என்றார்கள்.

நாங்கள் ஒன்றும் கேட்கவில்லை மாமா. அது சத்தியம். அத்தை அந்த அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "எம் புள்ளைக்குத் தண்ணி குடுத்த ஆத்தா" என்று மட்டும் சொன்னார்கள். பிறகு மூன்று பேரும் அழுதோம். காப்பி வந்தது. அப்புறம் அந்த அம்மாவே கேட்டார்கள், கேஸ் என்னாச்சு என்று. நான் உள்ளதைச் சொன்னேன். லாரிக்காரன் சொன்னதுதான் எழுதியிருக்கிறது என்று சொன்னதும் அந்த அம்மா எழுந்து நின்றுவிட்டார்கள்.

"வேகமாப் போனாரா? அவரா? எவன் சொன்னது? அன்னைக்கு மலை ஏறையில கடைசியா அவர வஞ்சது நான்தான்த்தா. அந்த வசவு இன்னும் எந் தொண்டையிலயே நிக்குது" என்றார்கள். மறுபடி உட்கார்ந்து, "நானாப் போய்ச் சொன்னேன்னா ஜீப்புக்காரக எம்மேல வருத்தப்படுவாக. கோர்ட்டே காயிதம் அனுப்பிக் கூப்பிட்டா நான் என்ன செய்ய முடியும்? போகாட்டிப் பிடிச்சுட்டுப் போயிருவாகள்ல? காயிதம் அனுப்பச் சொல்லுங்க" என்றார்கள்.

பொன்னுராஜ் சாரிடம் சொன்னேன். துள்ளிக் குதிக்காத குறை. சம்மன் போட ஏற்பாடு செய்துவிட்டார். உங்கள் வாக்கு அப்படியே பத்திரமாக இருக்கிறது. நீங்கள் இழுக்கவில்லை, கோர்ட் கூப்பிடுகிறது.

ஒரே ஒரு வேண்டுகோள். சாட்சி சொல்லி முடிக்கும்வரை அந்த அம்மாவுக்கு எதுவும் கொடுத்துவிடாதீர்கள். தோட்டத்தில் வேலைக்குக் கூப்பிடாதீர்கள். முக்கியமாகத் திராட்சை. ஒரு கொத்துக்கூடக் கூடாது. ஆசை காட்டிக் கூட்டி வந்தோம் என்று அந்த வக்கீல் சொல்லிவிடுவார். உங்களால் முடியாது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் கையைக் கட்டிக்கொண்டிருங்கள்.

கயல்

&nbsp;

ராயப்பன்பட்டி
24.8.2024

கயலுக்கு,

நேற்று கோர்ட் வாசலில் உன்னைப் பார்த்தேன். இளைத்திருக்கிறாய். விடுதிச் சாப்பாடு சரியில்லையா?

சாட்சி முடிந்ததும் நீ வேலைக்கு ஓடிவிட்டாய். எனக்கு ஒன்றும் தெரியவில்லை. அந்த அம்மா பேசும்போது நான் உள்ளே இருந்தால், அவள் சொன்னதைக் கேட்டு ஒப்பித்துவிட்டேன் என்பார்களாம். அதனால் வக்கீல் என்னை வெளியே வேப்பமரத்தடியில் உட்காரச் சொல்லிவிட்டார். உள்ளே ஒருமுறை சிரிப்புச் சத்தம் கேட்டது. கோர்ட்டில் என்ன சிரிப்பு என்று எழுந்து எட்டிப் பார்த்தேன். பிறகு வக்கீலைக் கேட்டால், "நல்லா சொல்லிருச்சு அந்தம்மா, நீங்க கவலைப்படாதீங்க" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை வரவில்லை. உன் அத்தையைக் கேட்டால், "நான் அவுக வாயப் பாத்துக்கிட்டே இருந்தேன், வார்த்தை எங்க ஞாபகம் இருக்கு" என்கிறாள்.

இப்போது எங்கள் வீட்டில் பேச்சு வந்துவிட்டது, அதுவும் தேவைக்கு மேலேயே. மாடு பாவம், அதோடு பேச ஆளில்லை.

அவள் சொன்னதை ஒன்று விடாமல் எழுது. அவன் கடைசியில் ஏதாவது சொன்னானா என்று கேட்டார்களா? அதையும் எழுது. நல்லதாக மாற்றி எழுதாதே.

சாட்சி முடிந்துவிட்டது. இப்போதாவது திராட்சை கொடுக்கலாமா? பழம் பந்தலில் தொங்குகிறது. தீர்ப்புக்குப் பிறகுதான் என்றால் அடுத்த வெட்டு வரை காத்திருக்க வேண்டும்.

சுருளி

&nbsp;

அல்லிநகரம்
1.9.2024

மாமாவுக்கு,

முதலில் பழம் விஷயம். கூடாது. அடுத்த வெட்டுக்குக் கொடுங்கள்.

இனி கேளுங்கள். அந்த அம்மா பட்டுச்சேலை கட்டிக்கொண்டு வந்திருந்தார்கள். கல்யாணத்துக்குப் போவதாக ஜீப்பில் சொல்லிவிட்டீர்களா என்று கேட்டேன். "காயிதத்தையே காட்டிட்டேன்த்தா. போறதுக்கு முன்னால எல்லாப் பெண்டுகளும் சொல்லிட்டாளுக, ஜக்கம்மாள ஏத்தாட்டி நாங்களும் ஏறலன்னு. டிரைவரும் சரின்னுட்டாரு" என்றார்கள். அதைக் கேட்டதும் எனக்குப் பாதி பாரம் இறங்கியது.

கூண்டில் ஏறி, உங்களிடம் சொன்னதை அப்படியே சொன்னார்கள். கல்லுக்கட்டு, ஆரன், லாரி வெட்டி ஏறியது எல்லாம். பிறகு இன்ஷூரன்ஸ் வக்கீல் எழுந்தார். தினமும் அந்த ரோட்டில் எத்தனையோ வண்டி போகிறதே, இந்த ஒரு வண்டி மட்டும் எப்படி ஞாபகம் இருக்கிறது என்று கேட்டார்.

"தாண்டிப் போற வண்டி மறந்து போகும்யா. தாண்ட முடியாம முன்னாடியே நிக்கிற வண்டி மறக்குமா?" என்றார்கள். நீங்கள் கேட்ட சிரிப்பு அதுதான். நீதிபதி அம்மாகூடத் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

வக்கீல் விடவில்லை. இவ்வளவு நாள் ஏன் வந்து சொல்லவில்லை என்றார். "வேகமாப் போனாருன்னு யாரோ சொல்லியிருக்காகன்னே எனக்குத் தெரியாதுய்யா. தெரிஞ்சிருந்தா அன்னைக்கே சிரிச்சிருப்பேன்" என்றார்கள். ஜீப்பில் எத்தனை பேர் இருந்தீர்கள் என்று கேட்டார். அந்த அம்மா சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டார்கள். பிறகு, "நெருக்கிக்கிட்டு இருந்தம்யா. அதனாலதான் நிக்காமப் போயிட்டம். அந்தப் பாவத்துக்குத்தான் இன்னைக்கு வந்து நிக்கிறேன்" என்றார்கள். வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

அடுத்து உங்களைக் கூப்பிட்டார்கள். அது உங்களுக்கே தெரியும், ஆனால் எங்கள் பக்கத்திலிருந்து எப்படி இருந்தது என்று உங்களுக்குத் தெரியாது. இன்ஷூரன்ஸ் வக்கீல் அந்தத் தாளைக் காட்டி, ஆயிரம் தடவை சொன்னேன் என்று சொன்னீர்களா இல்லையா என்று கேட்டார். மறுக்கச் சொல்லித்தான் பொன்னுராஜ் சார் சொல்லிக் கொடுத்திருந்தார். நீங்கள், "சொன்னேன்யா" என்றீர்கள். சார் தலையில் கை வைத்துக்கொண்டார். பிறகு நீங்கள் பேசினீர்களே மாமா.

"துக்க வீட்டுல பேசினதுக்கெல்லாம் கோர்ட்டுல கணக்குச் சொல்லணும்னா ஊர்ல ஒருத்தரும் மிஞ்ச மாட்டம்யா. எம் பொண்டாட்டி அன்னைக்குச் சாமியையே கொலைகாரன்னு வஞ்சா. அதுக்கும் கேஸ் போடுவீகளா? செத்தவன வையாத அப்பன் எந்த ஊர்ல இருக்கான்? கோபத்துல சொன்னது அது. பாத்துச் சொன்னது இல்ல."

அத்தை என் கையை நெரித்துவிட்டார்கள், வளையல் அழுந்திய தடம் சாயங்காலம்வரை இருந்தது. நீங்கள் இவ்வளவு பேசுவீர்கள் என்று ஐந்து வருஷம் எனக்குத் தெரியாமல் போய்விட்டது.

கடைசியில் கேட்டீர்களே, அதற்கு வருகிறேன். கோர்ட்டில் கேட்கவில்லை. நான்தான் வெளியே வைத்துக் கேட்டேன். மாற்றாமல் எழுதுகிறேன். அவர் ஒன்றும் சொல்லவில்லையாம். தண்ணீர் குடித்தார். மூச்சு அடங்கும்வரை அந்த அம்மா மடியில்தான் தலை இருந்தது. வலிக்கிறதா என்று கேட்டதற்கு இல்லை என்று தலையை ஆட்டினாராம். அவ்வளவுதான் மாமா. தனியாக இல்லை. இவ்வளவு நாளும் நான் அவர் ரோட்டில் தனியாகக் கிடந்தார் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். இப்போது ராத்திரி தூங்குகிறேன்.

விடுதிச் சாப்பாடு சுமார்தான்.

கயல்

&nbsp;

ராயப்பன்பட்டி
30.11.2024

கயலுக்கு,

நேற்றே அத்தை போனில் சொல்லியிருப்பாள். அவள் கத்திய கத்தில் போன் இல்லாமலே அல்லிநகரத்துக்குக் கேட்டிருக்கும். உனக்கு லீவு தராமல் போனதால் நீ அங்கே இல்லை. அதனால் நடந்ததை எழுதுகிறேன்.

நீதிபதி அம்மா நிறையப் படித்தார்கள். பாதி எனக்குப் புரியவில்லை. ஒரு இடத்தில் வக்கீல் என் முழங்கையை இடித்தார். லாரி டிரைவர் தன் பக்கத்தை விட்டு மாறி வந்ததே விபத்துக்குக் காரணம், இறந்துபோன முத்துராஜா மீது எந்தத் தவறும் இல்லை என்று படித்தார்கள். எந்தத் தவறும் இல்லை. அதை எளிய தமிழில் எனக்குத் திரும்பத் திரும்பச் சொல்லச் சொல்லி வக்கீலைக் கேட்டேன். அவர் மூன்றாவது தடவையும் சிரித்துக்கொண்டே சொன்னார்.

தொகையை நமக்குள் எப்படிப் பிரிப்பது என்றும் கோர்ட்டே சொல்லிவிட்டது. உன் பங்கு உன் பேரில் வங்கிக்கு வரும். அதில் எங்கள் கை படாது. நீ படிப்பில் சேர். முடித்துவிட்டு அல்லிநகரத்திலேயே இருப்பாயோ, வேறு எங்காவது போவாயோ, உனக்கென்று வேறொரு வாழ்க்கை அமைத்துக்கொள்வாயோ, எது செய்தாலும் இந்த வீட்டில் உன்னை ஒருவரும் ஒரு சொல் சொல்லமாட்டோம். உன் அத்தை சொல்லச் சொன்னது இது. நானும் அதையேதான் சொல்கிறேன்.

திரும்பி பஸ்ஸில் வந்தோம். ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தேன். முத்து போன நாளில் நான் அழவில்லை, அது ஊருக்கே தெரியும். கல்நெஞ்சுக்காரன் என்று பேசினார்கள். அவன் மேல் அவ்வளவு கோபம் இருந்தது, அழுகைக்கு இடமில்லை. தேங்காய் மாதிரி இறுகிப்போய்த் திரிந்தேன். நேற்று பஸ் பாலம் தாண்டுகையில், அவன் மேல் கோபப்பட இனி ஒன்றுமே இல்லை என்று தோன்றியது. அவன் ஒரு தப்பும் செய்யவில்லை. மெதுவாக, ஓரமாக, ஆரன் அடித்துக்கொண்டு போயிருக்கிறான் என் பிள்ளை.

அவ்வளவுதான். அடக்க முடியவில்லை. வாய்விட்டு அழுதேன் ஆத்தா. பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. கண்டக்டர் பையன் பக்கத்தில் வந்து, "என்னய்யா, கோர்ட்டுல இருந்து வாரீகளா? கேஸ் தோத்துப்போச்சா?" என்று கேட்டான்.

"இல்லப்பா, ஜெயிச்சுட்டம்" என்றேன். சொல்லிவிட்டு இன்னும் கூடவே அழுதேன்.

சுருளி